திருத்தப்பட்ட தோடி

பதினாறு வருடம் வீணை படித்துவிட்டுச் சினிமாவுக்கு இசையமைக்கப் போனவள் நான். கச்சேரிக்காரர்கள் என் பாட்டைச் சினிமா என்பார்கள். சினிமாக்காரர்கள் கர்நாடகம் என்பார்கள். இரண்டும் பழகிவிட்டது. பழகாத ஒன்று போன வருடம் அம்பாசமுத்திரத்தில் நடந்தது.

கதாநாயகி ஆற்றங்கரையில் பாடும் பாட்டைத் தோடி ராகத்தில் போட்டிருந்தேன். தோடியில் காந்தாரம் என்ற ஸ்வரம் ஓரிடத்தில் நிற்காது, அசைந்துகொண்டே இருக்கும். அந்த அசைவு போனால் ராகமே போச்சு. என் பாட்டில் சொற்களும் தாளத்தின் தட்டு விழுந்து அரை இடம் கழித்துத்தான் தொடங்கும். பாடகி இரண்டு நாள் பாடுபட்டுப் பாடிக்கொடுத்தாள். பதிவை ஒலிப்பொறியாளரிடம் ஒப்படைத்துவிட்டுப் படப்பிடிப்புக்கு வந்தேன்.

படித்துறையில் நாற்பது பெண்கள் குடங்களோடு நின்றார்கள். ஒலிபெருக்கியில் பாட்டு ஓடியது. முதல் வரியிலேயே எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. காந்தாரம் இஸ்திரி போட்ட வேட்டி மாதிரி நேராகக் கிடந்தது. சொற்கள் தட்டின் மேலேயே டக் டக்கென்று உட்கார்ந்தன.

"நிறுத்துங்க!" என்று கத்திவிட்டு ஒலிப்பொறியாளருக்கு போன் போட்டேன்.

"நிறைய இடத்துல சுருதி ஆடிச்சு மேடம். டைமிங்கும் லேட். மூணு நாள் உட்கார்ந்து ஒண்ணொண்ணா சரி பண்ணேன்," என்றார். குரலில் அத்தனை பெருமை.

"ஆடணும்னுதானே பாட வச்சேன்!"

"அப்படியா? சாஃப்ட்வேர்ல சிவப்பா காட்டிச்சே."

பழைய பதிவு சென்னை ஸ்டூடியோவில் இருந்தது. அவரோ கோயம்புத்தூரில் ஒரு கல்யாணத்தில் இருந்தார்.

இயக்குநர் வானத்தைப் பார்த்தார். "வெயில் இறங்குது. இதையே வச்சு எடுத்துடறேன், நீங்க அப்புறம் மாத்திக்கங்க."

"அப்புறம் மாத்தினா ஹீரோயின் வாய் எப்படி ஒட்டும்? அவங்க அரை இடம் தள்ளித்தான் தொடங்கணும்."

"அரை இடம்னா?"

படியில் உட்கார்ந்து தொடையில் தாளம் போட்டுக் காட்டினேன். இரண்டு முறை. அவர் தலையாட்டியதிலேயே புரியவில்லை என்று தெரிந்தது. அதற்குள் நடவு வேலையை விட்டு நடிக்க வந்திருந்த ஒரு பெண் குடத்தை இறக்கி வைத்தாள்.

"யக்கா, நீங்க பொறவு சண்ட போடுங்க. எங்களுக்கு பஸ்ஸு போயிரும்லா. பாட்டப் போடச் சொல்லுங்க."

அவள் சொன்னதில் நியாயம் இருந்தது. அதுதான் இன்னும் எரிச்சல். இஸ்திரி போட்ட பாட்டுக்கே கதாநாயகி வாயசைத்தாள்.

பிறகு ஒலிக்கலவையின்போது, திருத்திய பாட்டுத்தான் "கிளீனா இருக்கு" என்றார் இயக்குநர். அப்படியானால் என் பெயரை எடுத்துவிடுங்கள் என்றேன். ஒரு வாரம் பேச்சில்லை. கடைசியில் பழைய பதிவையே சேர்த்தார். வாய் ஒட்டாத இடங்களில் எல்லாம் ஆற்றில் நிற்கும் கொக்கைக் காட்டினார்.

திருநெல்வேலி தியேட்டரில் அண்ணனோடு படம் பார்த்தேன். அந்தக் காந்தாரம் அசைந்தபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது. அண்ணன் காதோரம் குனிந்தான்.

"பாட்டு நல்லாத்தான் இருக்கு. ஆனா எதுக்குட்டி இத்தன கொக்கு? அந்தப் புள்ள மூஞ்சியக் காட்டவே மாட்டேங்கானே?"

 இடைவேளையில் காபி வாங்கித் தரச் சொன்னேன்.