அலுமாரிக்குள் இருந்த அணில்

ஈரக் குளிர்ச்சட்டைகளும் பூச்சி உருண்டையும் சேர்ந்து மணக்கும் உடுப்பு அலுமாரிக்குள்தான், இரண்டாயிரங்களின் தொடக்கத்தில், மொன்ட்ரியால் நகரின் லாசாலில் எங்கள் மூன்றாம் மாடி வீட்டில், என் அம்மா அணிலாக மாறினார். மொன்ட்ரியாலில் தமிழில் முதல் கார்ட்டூன் தானே செய்யப்போவதாகச் சொல்லித் திரிந்த சிவா மாமா, அப்பாவின் சிநேகிதர், பழைய கணினியொன்றில் அணிலை அசைய வைத்துவிட்டு அதற்குக் குரல் தேடி அலைந்து, கோயில் நாடகங்களில் பேசி வந்த அம்மாவிடம் வந்து நின்றார். "ஆறு பாகத்துக்கும் உங்கட குரல்தான் அக்கா."

எதிரொலியை உடுப்புகள் குடித்துவிடுமாம். அதனால் மைக்கை அலுமாரிக்குள் தொங்கவிட்டார்கள். "பிரிட்ஜைக் கழட்டிவிடு பிள்ளை, அது உறுமுது" என்பார் அம்மா. எட்டு வயதில் எனக்கிருந்த ஒரே உத்தியோகம் அது. பிறகு "மூச்சுக் காட்டாத" என்று கதவைச் சாத்திக்கொள்வார், உள்ளேயிருந்து "ஓம் ஓம், இந்தா வாறன்!" என்று ஒரு பொல்லாத அணில் கத்தும். ஒருநாள் நான் வயரைத் திரும்பச் செருக மறந்து, ஒரு கிழமைக்கென்று வாங்கிவைத்த மீன் முழுவதும் நாறிப்போக, அப்பா குதித்தார், அம்மாவோ விழுந்து விழுந்து சிரித்தார். "இது சரிவந்தால் பக்டரியில பெட்டி அடுக்கிற வேலையை விட்டிடுவன்" என்றார்.

சரிவரவில்லை. கார்ட்டூனை டொரொன்டோவில் விற்கப்போகிறவர் இந்தியத் தமிழ்தான் வேண்டும், எங்கள் ஈழத்துப் பேச்சு வேண்டாம் என்றாராம். சிவா மாமா, சென்னையிலிருந்து படிக்க வந்த ஒரு பெண்ணையும் அதே அணிலுக்குப் பேசவைத்து, தானே முடிவெடுக்கத் துணிவில்லாமல், வில்லரேயில் எங்கள் சனிக்கிழமைத் தமிழ் வகுப்பில் இரண்டு குரல்களையும் போட்டுக் காட்டினார். அம்மாவின் அணில் வாயைத் திறந்ததும், வீட்டில் ஏசுவது போல இருக்கிறதென்று ஒருவன் பிரெஞ்சில் கத்த, வகுப்பே சிரித்தது. "ரெண்டாவது குரல் ஆருக்குப் பிடிச்சிருக்கு?" என்று மாமா கேட்டார். அம்மா பின்சுவரோடு நிற்பது எனக்குத் தெரியும். அது என் அம்மா என்று யாருக்கும் தெரிந்துவிடக் கூடாதே என்ற பயத்தில் நானும் கையை உயர்த்தினேன்.

வீட்டுக்கு வந்து, அம்மா சப்பாத்தைக் கழற்றும்போதுதான் கேட்டார்.

"நீயும் கை உயத்தினனி, என்ன?"

"எல்லாரும் உயத்தினவை அம்மா."

"ஓம்" என்றார். அவ்வளவுதான்.

அந்த வெட்கங்கெட்ட கையை நான் இன்னும் மன்னிக்கவில்லை. இரண்டாம் குரலோடு வந்த கார்ட்டூனும் ஒரு பாகத்தோடு படுத்துவிட்டது. அம்மாவின் பதிவுகளை மாமா அழித்துவிட்டார். அந்த அலுமாரியும் வீடும் இப்போது யாருடையவோ. அம்மா ஓய்வுபெறும் நாள்வரை பெட்டி அடுக்கினார். எங்கள் பிரிட்ஜை அதற்குப் பிறகு யாரும் நிறுத்தவில்லை.

போன மாரியில், அவருடைய குசினியில் தேத்தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தபோது, இத்தனை வருடம் தொண்டையில் கிடந்ததைக் கேட்டேவிட்டேன்.

"அம்மா, ஒருக்கா அந்த அணில் மாதிரிக் கதையுங்கோவன்."

அவர் கோப்பையைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"எந்த அணில்?"