சின்ன மேடம் கண்ட மஞ்சள் பூ

காலில் ஒட்டிய அட்டையைப் பிடுங்கத்தான் சின்ன மேடம் அந்த மலைப் புல்வெளியில் உட்கார்ந்தாள். உட்கார்ந்தவள், "மேடம், இங்க கொஞ்சம் வாங்களேன், இது என்ன பூ?" என்றாள். எண்பதுகளின் கடைசியில், மாணவிகளோடு நீலகிரிக்குப் போயிருந்தபோது நடந்தது இது. தாம்பரத்தில் நான் வேலை பார்த்த கல்லூரியின் தாவரவியல் துறைக்கு அவள் வந்து ஒரு வருடம்கூட ஆகியிருக்கவில்லை. மாணவிகளுக்கு அவள் சின்ன மேடம், நான் பெரிய மேடம்.

விரல் நுனி அகலத்தில் ஐந்து மஞ்சள் இதழ்கள். இலையின் அடியில் வெள்ளி நிறத்தில் பூனைமயிர். ரோஜாக் குடும்பம் என்றால் யாரும் நம்பமாட்டார்கள். எங்கள் துறை அலமாரியில் இந்த இனத்தில் வெள்ளைக்காரர் காலத்தில் உலர்த்தித் தாளில் ஒட்டிய ஒரே ஒரு செடி இருந்தது. அதை உயிரோடு பார்த்துவிட வேண்டும் என்று கோடை விடுமுறைகளையெல்லாம் அந்த மலையில் கழித்தவள் நான். அதன் பெயரை என் வாயாலேயே அவளுக்குச் சொல்ல வேண்டியிருந்தது.

அதன்பிறகு பீர்க்கன்கரணை வீட்டிலிருந்து கல்லூரிக்குக் கிளம்புவதே கசந்தது. துறைத் தலைவர் எல்லோருக்கும் இனிப்பு வாங்கித் தந்தார். யார் வந்தாலும் அலமாரியைத் திறந்து, அவள் கண்டெடுத்த செடியை ஒட்டி அவள் பெயர் எழுதிய புதுத் தாளைக் காட்டினார். "எதேச்சையா கண்ணுல பட்டுச்சு சார்" என்று அவள் ஒவ்வொரு முறையும் கூசிக்கொண்டே சொல்வாள். அந்த எதேச்சைதான் என்னைக் குத்தியது. பாடுபட்டுத் தேடியிருந்தால் பொறுத்திருப்பேன். "அந்தப் பொண்ணு நல்ல பொண்ணுதானே?" என்றார் என் கணவர். அதுதான் கஷ்டம். திட்டக்கூட வழியில்லை.

அடுத்த ஆண்டு நாங்கள் இருவர் மட்டும் அங்கே போனோம். கூப்பிட்டது அவள்தான். புல்வெளியில் பாதிக்குமேல், தோல் பதனிடும் பட்டைக்காகச் சீகை மரக் கன்றுகளை நட்டிருந்தார்கள். வெயில் சாயும்வரை தேடியதில் ஒரே ஒரு செடி அகப்பட்டது, கண்டது நான்.

"நீங்களே எடுங்க மேடம். உங்க பேர்ல ஒட்டலாம். நான் ஒண்ணும் நினைக்கமாட்டேன்" என்று தோண்டும் கம்பியை நீட்டினாள்.

வாங்கிக்கொண்டு அந்தப் பூவின் முன் வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன். பிறகு செடியைத் தோண்டாமலே கம்பியை அவளிடம் கொடுத்துவிட்டு எழுந்தேன். அவளும் அதைத் தொடவில்லை. இறங்கும்போது அவள் கண் கலங்கியிருந்தது. "இந்த மனசு யாருக்கு மேடம் வரும்?" என்றாள்.

கடைசிச் செடியைக் காப்பாற்றியவள் என்று துறையில் இன்றும் என்னைச் சொல்கிறார்கள். நான் மறுத்ததில்லை. ஆனால் அந்தச் சாயங்காலம் எனக்குத் தோன்றியது ஒன்றே ஒன்றுதான்: எடுத்துக்கொண்டு போனாலும், அலமாரியில் என் தாள் அவள் தாளுக்கு அடியில், இரண்டாவதாகத்தான் இருக்கும்.