எந்த அவங்கள்?

"எந்த அவங்கள்?"

பாண் துண்டைத் தேநீரில் தோய்த்தபடியே பத்மலோசினி கேட்கிறார். எதிரே யார் உட்கார்ந்தாலும் கேள்வி இதுதான். மகனை, கணவனை, தம்பியை "அவங்கள் கொண்டுபோயிட்டாங்கள்" என்றுதான் வவுனியாவில் எல்லாரும் தொடங்குவார்கள். பலர் அத்தோடு முடித்தும் விடுவார்கள். இராணுவமும் அவங்கள்தான், போராளி இயக்கமும் அவங்கள்தான், இலக்கத்தகடு இல்லாத வான் வண்டியில் வருகிறவர்களும் அவங்கள்தான். சுட்டுப்பெயர் சுட்டுவதற்காக ஏற்பட்டது. இந்தப் போரில் அது விரலை மடக்கிக்கொள்ள உதவுகிறது.

பத்மலோசினி சட்டத்தரணி. கொண்டுபோனவர் யார் என்று சொல்லாத மனு நீதிமன்றத்தில் நிற்காது என்பது அவருக்குத் தெரியும். "இனந்தெரியாதோர்" என்று பத்திரிகையில் கண்டால் முகம் சுளிப்பார். "பெடியனை வீட்டுப்பேர் சொல்லிக் கூப்பிட்டு ஏத்தியிருக்கிறாங்கள். இனந்தெரியாத ஆக்களாம்!"

அவரைத் துணிச்சல்காரி என்கிறார்கள். அவருடைய அலுவலகத்தில் கோப்பு அடுக்குகிற எனக்குக் களைப்புத்தான் அதிகம் தெரிகிறது. ஒருவர் எழுந்துபோய் அடுத்தவர் வருவதற்குள், நாற்காலியில் நிமிர்ந்தபடியே தூங்கிவிடுவார். வலது கால் செருப்பு எப்போதும் மேசைக்கடியில் எங்கோ கிடக்கும். அழுகிறவர்களைத் தேற்றமாட்டார். "அழுதுபோட்டுச் சொல்லுங்கோ. நான் இருக்கிறன்" என்பார். சில தாய்மாரைத் தேவைக்கு மேல் வருத்துகிறார் என்றும் நினைத்திருக்கிறேன்.

தட்டச்சு செய்கிற அந்தோனிப்பிள்ளைக்கு வாய் சும்மா இராது. "மிஸ் செத்தவீட்டுக்குப் போனாலும் எந்தச் செத்தவர் எண்டுதான் கேப்பா."

"உங்கடை செத்தவீட்டிலை கேக்கமாட்டன், அண்ணை. சத்தம் நிண்டதிலையே விளங்கும்."

மாசியில் அமுதவல்லி வந்தாள். கணவன் உழவு இயந்திரம் ஓட்டுகிறவன். வயலில் வைத்து ஏற்றிப்போயிருந்தார்கள்.

"எந்த அவங்கள்?"

அவள் வாசலைப் பார்த்தாள். எழுந்து, மேசையைச் சுற்றி வந்து, பத்மலோசினியின் காதுக்குள் சொன்னாள். அந்தோனிப்பிள்ளையின் விரல்கள் தட்டச்சு இயந்திரத்தின் மேல் காத்திருந்தன.

"எழுதிப்போடாதேங்கோ, மிஸ். நான் சொன்னது தெரிஞ்சா அடுத்தது என்ரை மூத்த மகனைத்தான் தூக்குவாங்கள்."

"எழுதாட்டி மனு நிக்காது, பிள்ளை."

"எழுதினா அவன் நிக்கமாட்டான், மிஸ்."

இப்படிச் சொன்ன பலரை "மனம் மாறினா வாங்கோ" என்று அவர் திருப்பி அனுப்பியிருக்கிறார். சிலர் பிறகு வரவேயில்லை. அன்றும் அதைத்தான் சொல்வார் என்று அந்தோனிப்பிள்ளை தாளை உருவப் போனார்.

"விடுங்கோ அண்ணை. மனுதாரர் பேரை மட்டும் மாத்துங்கோ."

"ஆற்றை பேர் போட?"

"என்ரை."

"விலாசம்... ஒப்பீசோ?"

"வீடு."

அந்தோனிப்பிள்ளை தட்டச்சு செய்யவில்லை. "மிஸ், உங்களுக்கு விசரே? தனிய இருக்கிற மனுசி!"

பத்மலோசினி இயந்திரத்தைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். ஒற்றை விரலால், எழுத்து எழுத்தாக, தன் பெயரையும் வீட்டு விலாசத்தையும் அடித்தார். அதன் கீழே, அமுதவல்லி காதுக்குள் சொன்னதையும் அடித்தார்.

"பிள்ளை, நீர் இண்டைக்கு என்னட்டை வரேல்லை. விளங்குதோ?"

அமுதவல்லி பின்கதவால் போனாள். ஏன் இப்படிச் செய்தீர்கள் என்று அந்தோனிப்பிள்ளை இரண்டு தரம் கேட்டார். நீதிமன்றம் மூடுமுன் போகவேண்டும். பத்மலோசினி வலது காலால் மேசைக்கடியில் செருப்பைத் துழாவிக்கொண்டிருந்தார்.