எடை என்றால் எந்த எடை?

பாக்கியலக்ஷ்மி கொச்சியில் மட்டாஞ்சேரிக்காரி. அப்பா இசக்கிமுத்து மாநகராட்சித் துப்புரவுத் தொழிலாளி. வீட்டில் தமிழ், பள்ளியில் மலையாளம், கல்லூரியில் கம்ப்யூட்டர் என்று வளர்ந்தவள், 2005-இல் மிளகு ஏற்றுமதி செய்யும் ஒரு கம்பெனியில் ஒப்பந்த புரோகிராமராகச் சேர்ந்தாள்.

கம்பெனி அப்போதுதான் வேறு இரண்டு சிறிய கம்பெனிகளை வாங்கியிருந்தது. கிடங்கில் ஒரு மென்பொருள், கப்பல் பிரிவில் இன்னொன்று, கணக்குப் பிரிவில் மற்றொன்று. எதையும் தூக்கிப் போடாமல், ஒன்றுக்கு வேண்டிய தகவலை மற்றொன்றிடம் கேட்டு வாங்கும்படி இணைக்கச் சொன்னார்கள். அந்த இணைப்பை எழுதியவள் பாக்கியம்.

ஓடத் தொடங்கிய கொஞ்ச நாளிலேயே வெளிநாட்டு வியாபாரி ஒருவரிடமிருந்து கோபமாக மெயில் வந்தது. 'சாக்கையும் சேர்த்து நிறுத்து மிளகு என்று விற்கிறீர்களா?'

விசாரித்தால், கிடங்கு மென்பொருளில் 'எடை' என்பது சாக்கோடு சேர்ந்தது. கப்பல் பிரிவில் அதே சொல்லுக்கு மிளகு மட்டும். பாக்கியத்தின் இணைப்பு எண்ணைப் பிசகில்லாமல் கொண்டுபோய்ச் சேர்த்திருந்தது. ஆனாலும் பழி அவள் தலையில்தான் விழுந்தது. ஒப்பந்தத்தை நீட்டிக்க மாட்டார்கள் என்று அலுவலகத்தில் பேச்சு கிளம்பியது.

வீட்டில் சோற்றைப் பிசைந்துகொண்டே உட்கார்ந்திருந்தவளிடம் இசக்கிமுத்து கேட்டார்.

"என்னம்மா, ஜோலி போயிடுமா?"

"தெரியலப்பா. தப்பு எங்க இருக்குன்னு தெரிஞ்சிடுச்சு. அத சொல்ல விடுவாங்களான்னுதான் தெரியல."

"நீ போய்ச் சொல்லு. பேடிக்காதே, பயம் எதுக்கு?"

மறுநாள் மேலாளர் ராமபத்ரனின் அறைக்குப் போய், இரண்டு எடைகளும் வேறு வேறு என்பதைச் சொன்னாள். அவர் பாலக்காட்டுத் தமிழர்.

"எல்லாரும் ஒரே அர்த்தத்துல எழுதணும்னு உத்தரவு போட்டுடறேன்" என்றார் அவர்.

"கேக்க மாட்டாங்க சார். கிடங்குல ஷைலஜா சேச்சிக்கு லாரியில ஏத்தச் சாக்கோட எடை வேணும். கப்பல் பிரிவுல வெங்கிடாசலம் சாருக்கு பில் போட மிளகு எடை வேணும். ரெண்டு பேரும் சரிதான்."

"பின்னே?"

"நம்ம வீட்ல 'அவசரம்'னா சீக்கிரம்னு அர்த்தம். வெளிய மலையாளத்துல அதுவே சந்தர்ப்பம். ஆளு பேசினா புரிஞ்சுக்கறோம். மெஷினுக்கு வெறும் சொல்லு மட்டும் போகுது சார். அர்த்தத்தையும் கூடவே அனுப்பணும்."

ராமபத்ரன் யோசித்தார். "சரி, செஞ்சு காட்டு" என்றார்.

பாக்கியம் கிடங்குக்கும் கப்பல் பிரிவுக்கும் மாறி மாறி நடந்தாள். ஆர்வக்கோளாறில் எல்லாச் சொல்லுக்கும் அர்த்தம் எழுதினாள். அவை ஒன்றோடொன்று சிக்கி, சோதனையின்போது மென்பொருள் நகரவே இல்லை. வெங்கிடாசலம் கைக்கடிகாரத்தைப் பார்த்துவிட்டு எழுந்து போனார். பாக்கியம் மெஷினை அணைத்துவிட்டு வெளியே வந்தாள்.

ஷைலஜாதான் சாயா வாங்கிக் கொடுத்து உட்கார வைத்தாள். "எல்லாம் எதுக்கு மோளே? நாங்க சண்டை போடற சொல்லு மட்டும் போதுமே."

அதைப் பிடித்துக்கொண்டாள் பாக்கியம். எடை, தேதி, தரம் போன்ற தகராறுள்ள சொற்களை மட்டும் வைத்துக்கொண்டு மற்றதை வெட்டினாள். சாக்கோடு உள்ள எடையில் சாக்கின் எடையைக் கழித்தால் மிளகு எடை என்பதை, மெஷின் படித்துப் புரிந்துகொள்ளும் விதத்தில் எழுதினாள். யாரும் தன் சொல்லை மாற்ற வேண்டியிருக்கவில்லை. அடுத்த சோதனையில் ஒரு பில்லும் பிசகவில்லை.

அடுத்த வருடம் ஆலுவாவில் இருந்த ஒரு கொள்முதல் நிலையமும் கம்பெனியோடு சேர்ந்தது. அவர்களுடைய 'எடை' பச்சை மிளகின் எடை. அவர்கள் எழுதி அனுப்பிய அர்த்தத்தோடு இணைத்ததுமே மென்பொருள் அதை ஏற்காமல் நிறுத்தியது: 'இந்த எடை உலர்த்துவதற்கு முந்தையது. மற்ற இரண்டோடும் பொருந்தாது.'

திரையைப் பார்த்த வெங்கிடாசலம் சத்தமாகச் சிரித்துவிட்டார். "நம்மளவிட விவரமா இருக்கே!"

அந்த மாதமே பாக்கியத்தின் வேலை நிரந்தரமானது. புதிதாக எந்த நிலையம் சேர்ந்தாலும் முதலில் அவளைத்தான் அனுப்பினார்கள். ஆலுவாவுக்கு அவள் போன அன்று, அங்கிருந்த கொள்முதல்காரர் பதறிப்போய், கம்ப்யூட்டரில் எதையெல்லாம் மாற்ற வேண்டும் என்று கேட்டார்.

"ஒண்ணும் மாத்த வேண்டாம் சேட்டா" என்று நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள் பாக்கியம். "நீங்க எத எப்படி நிறுக்கறீங்கன்னு மட்டும் சொல்லுங்க."