சனிக்கிழமை மாவும் மஞ்சள் எறும்பும்

இதை எழுத ஏழெட்டு வருஷம் தயங்கினேன். சாமி காரியத்தில் செய்த பிழையை வெளியே சொன்னால் குடும்பத்துக்கு ஆகாது என்ற பயம்தான்.

என் மகள் தலைப்பிரசவத்தில் மிகவும் சிரமப்பட்டாள். தாயும் பிள்ளையும் பிழைத்தால், ஆயுசுக்கும் சனிக்கிழமைதோறும் எறும்புக்கு மாவு போடுவதாக வேண்டிக்கொண்டேன். இருவரும் பிழைத்தார்கள். கோவிந்தாபுரத்திலிருந்து மலையடிவாரத்துக்குப் போனால், காட்டை ஒட்டி எங்கள் அம்மன் கோயில். அதன் பின்னால் மரங்களின் தூரில் பச்சரிசி மாவும் நாட்டுச் சர்க்கரையும் கலந்து தூவுவேன். கறுப்பு எறும்புகள் வரிசையாக வந்து எடுத்துப் போகும்.

ஒரு மழைக்காலம் முடிந்தபின் வேறு எறும்பு வந்தது. மஞ்சள் நிறம், நீண்ட கால்கள், தாறுமாறான ஓட்டம். வாரத்துக்கு வாரம் பெருகியது. அம்மன் என் மாவை ஏற்றுக்கொண்டாள் என்று மகிழ்ந்து, கைப்பிடி மாவை ஒரு படியாக்கினேன். கறுப்பு எறும்பு காணாமல் போனதைக் கவனிக்கவேயில்லை.

ஒருநாள் காட்டிலாகா வாச்சர் கூப்பிட்டு ஓர் ஓணானைக் காட்டினார். உயிர் இருந்தது, கண் வெளுத்திருந்தது. உடம்பெல்லாம் மஞ்சள் எறும்பு.

"இது அமிலத்தைப் பீச்சுமுங்ணா. கண்ணு போயிரும். மரத்துச் சாறு குடிக்கற மாவுப்பூச்சிய மாடு மேய்க்கற மாதிரி காவல் காத்து, அது விடற இனிப்ப நக்கிக்கும். கடைசில மரமும் காஞ்சுரும்."

"எங்கிருந்துங்க வந்துச்சு?"

"நம்ம காட்டு எறும்பில்லீங்க. நாத்து மண்ணு, மூட்டை, எதுல வேணா வந்திருக்கும். நீங்க புண்ணியம் சேத்தறீங்க, அது குடும்பம் சேத்துது."

அவர் சிரித்துக்கொண்டுதான் சொன்னார்.

வீட்டில் சொன்னேன். "ஏனுங்க, நிறுத்துனா பேத்திக்கு ஏதாச்சும் ஆயிருமுங்களா?" என்றாள் மனைவி. அந்தப் பயத்தில் இன்னும் இரண்டு மாதம் போட்டேன்.

பிறகு ஒரு சனிக்கிழமை, கோயில் மரத்தில் தேன்சிட்டுக் கூட்டைப் பார்த்தேன். உள்ளே இறகு முளைக்காத இரண்டு குஞ்சுகள், அசைவில்லாமல். எறும்பு மொய்த்துக் கிடந்தது. அதுவும் ஒரு தாயின் தலைப்பிரசவமாக இருக்கலாம். கொண்டுபோன மாவை அப்படியே வீட்டுக்குத் திருப்பிக் கொண்டுவந்தேன். அம்மனிடம் மன்னிப்புக் கேட்டு, மாவுக்குப் பதில் விளக்குப் போட்டேன்.

பேத்தி நலமாகப் பள்ளிக்கூடம் போகிறாள். எறும்புதான் போகவில்லை. ஓடையைத் தாண்டிக் காட்டுக்குள் ஏறிவிட்டது. அங்கே சருகைக் கிளறப் பறவை இறங்குவதில்லை என்கிறார் வாச்சர்.

இதை நாலு பேருக்குச் சொல்லுங்கள்; ஒரு வார்த்தையும் மாற்றாதீர்கள். என்மேல் இரக்கப்பட்டு, யாரோ பக்தர் தெரியாமல் போட்டார் என்று திருத்திவிட வேண்டாம். தெரிந்தபிறகும் இரண்டு மாதம் போட்டது இந்தக் கைதான்.