வானத்து ரயிலும் மோட்டார் கொட்டகைகளும்

எங்கள் மானாம்பதிப் பக்கம் ரயில் கிடையாது. பார்க்க வேண்டுமென்றால் வாலாஜாபாத்துக்குப் போக வேண்டும். அப்படிப்பட்ட ஊரில், பஞ்சாயத்து டிவியில், ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் ரயில் வானத்தில் ஓடியது. பொம்மைப் படம். பேசியது இந்தி, ஒரு மண்ணும் புரியவில்லை. ஆனால் ஒரு பையன் அம்மாவின் படத்தைக் கையில் வைத்துக்கொண்டு, நட்சத்திரத்துக்கு நட்சத்திரம் இறங்கி அவளைத் தேடுகிறான் என்பது மட்டும் எனக்குப் புரிந்தது. புரியாமல் எப்படிப் போகும்? என் அம்மா செத்து அப்போது ஒரு வருஷம்கூட ஆகவில்லை.

கடைசி ஸ்டேஷன் வருகிற நேரம், பாழாய்ப்போன த்ரீ பேஸ் கரண்டும் வந்து தொலைத்தது. அது வந்தால் கழனிக்காரர்கள் எல்லோரும் ஒரே சமயத்தில் பம்புசெட் மோட்டாரைப் போடுவார்கள். வோல்டேஜ் படுத்துவிடும். படம் இரண்டு பக்கமும் சுருங்கி, ரயில் கோடாகி, டிவி இருண்டது. மற்றப் பிள்ளைகள் கோலி ஆடப் போய்விட்டார்கள்.

அப்பாவை நான் நைனா என்றுதான் கூப்பிடுவேன். கழனிக்கு ஓடி நைனாவிடம் அழுதேன். அந்தப் பையனுக்கு அம்மா கிடைக்கப் போகிறாள், மோட்டாரை நிறுத்து என்றேன். நெற்கதிர் பால் பிடிக்கிற, தண்ணீர் தவறக்கூடாத சமயம். தண்ணீர் விஷயத்தில் நைனா யாருக்கும் இரங்க மாட்டார். அன்றைக்கு மோட்டாரை அணைத்தார்.

“இது ஒண்ணு நின்னா பத்தாது. நீ போய்ப் பாரு” என்று சொல்லிவிட்டு அடுத்த கொட்டகைக்கு நடந்தார். யார் வாசலிலும் போய் நிற்காத மனுஷன், ஒவ்வொரு மோட்டார் கொட்டகையாகப் போய்க் கெஞ்சியிருக்கிறார்.

நான் இருட்டு டிவி முன்னால் வந்து உட்கார்ந்தேன். மெல்லப் படம் விரிந்தது. ரயிலும் இல்லை, பையனும் இல்லை. யாரோ ஒரு ஆள் நியூஸ் வாசித்துக்கொண்டிருந்தார். அந்த ஆளை இன்றைக்கும் எனக்குப் பிடிக்காது. அந்தக் கடைசி ஸ்டேஷனை நான் இதுவரை பார்க்கவில்லை, பார்க்கிற ஆசையும் விட்டபாடில்லை.

முழங்கால் வரை சேற்றோடு நைனா பஞ்சாயத்து வாசலில் வந்து நின்றார்.

“அந்தப் புள்ள அம்மாவப் பாத்துச்சா?”

“பாத்துச்சி நைனா.”

கொஞ்ச நேரம் டிவியையே பார்த்தார். “கூட இட்டுக்கினு வந்துச்சா?”

“வந்துக்கினு கீறாங்க நைனா” என்றேன்.

தலையை ஆட்டிவிட்டு, துண்டால் முகத்தை அழுத்தித் துடைத்துக்கொண்டு, நைனா மறுபடி மோட்டார் போடப் போனார்.