குதிரையில் ஏறாதே என்று கத்திய மாமா

இரண்டாயிரம் பிறந்து கொஞ்சக் காலம். எனக்கு ஏழு வயது. ஒஸ்லோவுக்குப் புதிதாக வந்திருந்த அம்மாவின் தம்பி, முதல் பனி கொட்டிய அன்று பனியில் சறுக்கும் ஸ்கீப் பலகைகளைத் தோளில் வைத்துக்கொண்டு எங்கள் வெஸ்ட்லி நிலையத்தில் ரயிலேறி வேலைக்குப் போனார். ரயிலில் ஒருவரும் திரும்பிப் பார்க்கவில்லை. பனிக்காலத்தில் இந்த ஊரில் அதுவும் ஓர் அதிசயமா? அவர் கோப்பை கழுவிய ஹோட்டல் குசினியில்தான் சிரிப்பு வெடித்தது. பனி விழுந்தால் புது ஆள் முதலாளிக்கு முன்னால் சறுக்கிக் காட்ட வேண்டும், அப்போதுதான் வேலை நிரந்தரமாகும் என்று அங்கு வேலை செய்த எங்கள் தமிழ் ஆட்கள்தான் அவரை ஏமாற்றியிருந்தார்கள். அப்பாவுக்கும் அதே குசினியில்தான் வேலை. சிரிப்பை அடக்கிக்கொண்டு பக்கத்து வீட்டில் ஸ்கீ இரவல் வாங்கிக் கொடுத்தவரும் அவரே.

மறுநாள் மாமா வயிற்றுவலி என்று படுத்துவிட்டார். வேலை போனால் ஊரிலிருக்கும் மாமியைக் கூப்பிட முடியாது என்று அம்மா கெஞ்சியும் எழும்பவில்லை.

"இந்த முகத்தைக் கொண்டுபோய் எங்கை வைக்கிறது, அக்கா?"

சனிக்கிழமை நூலகத்தில் பிள்ளைகளுக்காகப் பழைய ஊமைப்படம் ஒன்று போட்டார்கள். என்னைச் சாட்டாக வைத்து அம்மா மாமாவை வெளியே கிளப்பினார். படத்தில், பட்டணத்து இளைஞன் ஒருவன் மடிப்புக் கலையாத சட்டையோடு மாட்டுக்காரர்களின் ஊரில் வந்து இறங்குகிறான். அவர்கள் அடங்காத குதிரை ஒன்றைத் தடவிக் காட்டி, பரம சாது என்று சைகை செய்கிறார்கள். அவனும் நம்பிக் காலைத் தூக்குகிறான்.

"தம்பி, ஏறாதை! உன்னைப் பேய்க்காட்டி ஏமாத்துறாங்கள்!"

எங்கள் ஊர்க் கொட்டகைகளில் திரையோடு கதைப்பது வழக்கமாம். இங்கேயோ இருமல் வந்தாலே வெளியே போகிற சனம். அதிலும் ஊமைப்படம், மண்டபம் முழுக்க மாமாவின் குரல் மட்டும்தான். நான் ஜாக்கெட்டுக்குள் தலையை இழுத்துக்கொண்டேன். இளைஞன் ஏறினான், பறந்தான், சேற்றில் விழுந்தான். பிள்ளைகள் உருண்டு சிரித்தார்கள்.

திரும்பி வரும்போது கேட்டேன். "மாமா, நீங்கள் கத்தினது அவருக்குக் கேக்குமே?"

"கேக்காதெண்டு தெரியும். எண்டாலும் ஒராளாவது சொல்லவேணுமெல்லோ."

வீட்டுக்கு வந்ததும் மாமா தன் அறைக்குள் போய்விட்டார். சாப்பாட்டு மேசையில் நான் கதிரையில் ஏறி நின்று முழுவதையும் நடித்துக் காட்டினேன். கத்தியதையும், விழுந்ததையும், வழியில் மாமா சொன்னதையும். அப்பா வயிறு குலுங்கச் சிரிக்கிற மனிதர். அன்று பாதிவரைதான் சிரித்தார். பிறகு புட்டிலிருந்து கையை எடுத்து, எழுந்து கழுவிவிட்டு, மாமாவின் அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினார்.

திங்கட்கிழமை இருவரும் ஒன்றாகத்தான் வேலைக்குப் போனார்கள். அது பிறகு. அந்த நேரம் எனக்குப் பட்டதெல்லாம், நான் விழுந்த விதம் சரியில்லை என்பதுதான். இன்னொரு முறை விழுந்து காட்டலாம் என்று கதிரையில் ஏறிக் கதவு திறக்கக் காத்திருந்தேன்.